மரியாதை தெரிந்த பேய்

பேருந்து நிலையத்தில் அவளை எல்லோரும் மைக்கம்மா என்றுதான் சொல்வார்கள். அறிவிப்பு அறை மாடிப்படிக்கு அடியில் இருந்தது. ஒரு மேசை, ஒரு நாற்காலி, கழுத்து வளைந்த ஒரு மைக், எப்போதும் கொஞ்சம் பின்தங்கியே ஓடும் ஒரு சுவர்க்கடிகாரம். முன்னால் இருந்த கண்ணாடி ஜன்னலில் பேருந்துகளின் பின்புறம் மட்டுமே தெரியும். யார் ஏறுகிறார்கள், யார் இறங்குகிறார்கள் என்று அங்கிருந்து பார்க்க முடியாது. பேருந்து எண்ணை ஒரு துண்டுச்சீட்டில் எழுதி யாராவது உள்ளே நீட்டுவார்கள். அவள் பொத்தானை அழுத்தி, "பயணிகள் கவனத்திற்கு" என்று ஆரம்பிப்பாள். இருபது வருஷத்துக்கும் மேலாக இதுதான் வேலை.

அந்தக் குரலில் தனியாகச் சொல்லும்படி இனிமை எதுவும் கிடையாது. கரகரப்பும் கிடையாது. பேருந்து நேரத்துக்கு வந்தாலும் சரி, வழியில் பழுதாகி அரைநாள் தாமதமாக வந்தாலும் சரி, பிள்ளையைத் தொலைத்த ஒரு தாய் அறை வாசலில் நின்று அழுதாலும் சரி, மைக்கில் வருவது ஒரே குரல்தான். வேகம் கூடாது, குறையாது. கோபம் எட்டிப் பார்க்காது. தலைக்கு மேலே சுற்றும் மின்விசிறியைக் கேட்பது போல மக்கள் அதைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். முகம் யாருக்கும் தெரியாது. காய்கறிக் கடையில் அவள் வாயைத் திறந்து "அரைக் கிலோ போதும்" என்று சொன்ன பிறகுதான் கடைக்காரர் நிமிர்ந்து பார்ப்பார். "அட, நீங்களா! மாமனார் ஊருக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கும்மா?" என்று கேட்பார். அவள் சொல்வாள். காய் விலை குறையாது.

அவள் கணவர் குடிநீர் வாரியத்தில் மீட்டர் பார்ப்பவர். நல்ல உயரம். ஆனால் உயரம் வெளியே தெரியாது. வீடு வீடாகப் போய், சுவரோரம் தரைமட்டத்தில் பதித்திருக்கும் மீட்டரைக் குனிந்து பார்த்துப் பார்த்து அவருக்கு நடையே அப்படி ஆகிவிட்டிருந்தது. தோள் இரண்டும் முன்னால் ஒடுங்கி, தலை தொங்கி, கண் சுவரின் அடிப்பாகத்தையே மேய்ந்தபடி, சத்தமில்லாமல் நடப்பார். சொந்த வீட்டுக்குள் வரும்போதும் அப்படித்தான் வருவார். பேச்சும் அதிகம் கிடையாது. ஒரே மகள் கல்யாணமாகி வேறு ஊரில் இருந்தாள். அவள் போன் செய்தால், "இரு, அம்மாகிட்ட குடுக்கறேன்" என்பதுதான் அவருடைய முழு உரையாடல்.

மாடி அறையில் அவருடைய தம்பி இருந்தான். மைக்கம்மாவுக்குக் கொழுந்தன். கல்யாண வீடியோ எடுப்பவன். நாற்பதை நெருங்கியும் தன் கல்யாணத்தைப் பற்றி யோசிக்காதவன். அறை முழுக்க வயர்களும் விளக்குகளும்தான் கிடக்கும். படுக்க இடம் இல்லாமல் பல நாள் கூடத்தில் வந்து படுப்பான். ஒரு நாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது திடீரென்று சொன்னான்:

"மத்தவங்க சந்தோஷத்தையே எடுத்து எடுத்து கண்ணு பூத்துப் போச்சு அண்ணி. ஒரு தடவையாவது யாரையாவது பயமுறுத்தணும்."

"போன கல்யாண வீடியோவப் பாத்து பொண்ணு வீட்டுக்காரங்க பயந்துதானே போனாங்க?" என்றாள் மைக்கம்மா.

அவன் சிரிக்கவில்லை. பேய்ப்படம் எடுக்கப்போவதாகச் சொன்னான். கதை தயார். ஒரு வாடகை வீடு. அதில் இடது பக்க அறையில் முன்பு குடியிருந்த ஒரு பெண், வருவதாகச் சொன்ன யாருக்காகவோ காத்திருந்து இறந்துபோயிருக்கிறாள். இப்போது அந்த அறையில் யார் தங்கினாலும் அவர்களைத் தன்னோடு அழைத்துப் போக வருகிறாள். படத்துக்குப் பெயரே 'இடது பக்க அறை'.

"வீடு?" என்று கேட்டார் அண்ணன். அன்று சாப்பாட்டில் அவர் பேசிய முதல் சொல் அது.

கொழுந்தன் கூடத்தைச் சுற்றிப் பார்த்தான். அண்ணனும் அண்ணியும் சேர்ந்து சுற்றிப் பார்த்தார்கள். அவர்களுடைய படுக்கையறை இடது பக்கம்தான் இருந்தது.

கதாநாயகன் செல்போன் பழுது பார்க்கும் கடை வைத்திருந்த ஒருவர். செலவில் பாதியைப் போடுகிறேன், நான்தான் ஹீரோ என்று சொல்லிவிட்டார். மறுக்கிற நிலையில் கொழுந்தன் இல்லை. வேலைக்குப் போகிறவர்கள் வீடு என்பதால் ராத்திரியில் எடுக்க வேண்டாம் என்று அண்ணன் கறாராகச் சொல்லிவிட்டார். அதனால் ஞாயிற்றுக்கிழமைகளில் ஜன்னல் கண்ணாடி முழுக்கக் கறுப்புக் காகிதம் ஒட்டிப் பட்டப்பகலை ராத்திரியாக்கினார்கள். மைக்கம்மா சமையலறையில் விளக்கைப் போட்டால் காட்சி கெட்டுவிடும். கும்மிருட்டில், வாசனையை வைத்து அடுப்பை அணைக்கப் பழகிக்கொண்டாள். ரத்தத்துக்கு சர்க்கரைப்பாகில் சிவப்புச் சாயம் கலந்து சுவரில் தெளித்தார்கள். காட்சியை எடுத்து முடிப்பதற்குள் எறும்பு வரிசை கட்டிவிட்டது. "பரவாயில்லை, பேய் வந்தா எறும்பும் வரும்" என்றார் செல்போன் கடைக்காரர். கொழுந்தன் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான்.

பேயாக நடிக்க ஒரு நாடகக்காரப் பெண் ஒப்புக்கொண்டிருந்தாள். நல்ல உயரம். முதல் ஞாயிறு வந்தாள். தலையில் தண்ணீரை ஊற்றிக்கொண்டு, ஈர நைட்டியோடு, கழிவறை வாசலில் அரை நாள் நிற்க வேண்டும் என்றதும் நின்றாள். மறு ஞாயிறு காய்ச்சல் என்றாள். அதற்கடுத்த ஞாயிறு போனை எடுக்கவில்லை.

கொழுந்தன் கூடத்தில் இடிந்துபோய் உட்கார்ந்திருந்தான். வெள்ளை நைட்டி கொடியில் காய்ந்துகொண்டிருந்தது. அப்போது அண்ணன் வெளியே எங்கோ போய்விட்டு உள்ளே வந்தார். கறுப்புக் காகிதத்தின் கிழிசல் வழியாக வந்த கொஞ்சம் வெளிச்சத்தில், தலை தொங்க, தோள் ஒடுங்க, சுவரை ஒட்டியபடி சத்தமில்லாமல் நடந்து அறைக்குள் போனார். செல்போன் கடைக்காரர் பேயறைந்த மாதிரி பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணா," என்றான் கொழுந்தன் மெதுவாக. "கொஞ்சம் திரும்ப வெளிய போய்ட்டு உள்ள வர்றீங்களா?"

அவரைச் சம்மதிக்க வைக்க ஒரு வாரம் பிடித்தது. தம்பி கேட்டபோது எழுந்து போய்விட்டார். மைக்கம்மா கேட்டபோது, "பைத்தியமா உங்களுக்கு?" என்றார். கடைசியில் தம்பி கேமராவை விற்கப்போவதாகச் சொன்ன பிறகு இறங்கி வந்தார். நிபந்தனைகள் போட்டார். முகம் தெரியக் கூடாது. விக் முடியை முன்னால் போட்டு மூடிவிட வேண்டும். பெயர் எங்கேயும் வரக்கூடாது. அலுவலகத்தில் ஒருத்தருக்கும் தெரியக்கூடாது. நைட்டியைத் துவைப்பது தம்பியின் பொறுப்பு.

நடிக்கத் தெரியுமா என்ற கேள்வியே எழவில்லை. "நடங்க அண்ணா" என்றால் நடந்தார். "நில்லுங்க" என்றால் நின்றார். எங்கே பார்க்க வேண்டும் என்று சொல்லவே தேவைப்படவில்லை. அவர் கண் தானாகச் சுவரின் அடிப்பாகத்துக்குப் போனது. ஒரே ஒரு முறை மட்டும், தலையில் விக்கோடு கழிவறை வாசலில் நின்றபடி, "இங்க குழாய் கசியுது, யாரும் பாக்கலையா?" என்று கேட்டுவிட்டார். அந்தக் காட்சியை மறுபடி எடுக்க வேண்டியதாயிற்று.

படம் எடுத்து முடிந்தது. குரல் பாக்கி. கூலிக்குப் பின்னணிக் குரல் கொடுக்கும் ஒரு பெண்ணை அழைத்துவந்து பேசவைத்தான் கொழுந்தன். வசனம் இது: "உன்னைக் கூட்டிட்டுப் போகாம நான் போக மாட்டேன்டா!" அவள் தொண்டை கிழியக் கத்தினாள். போட்டுப் பார்த்தார்கள். வாடகை வாங்க வந்த வீட்டுக்காரம்மா சண்டை போடுவது போல இருந்தது. அண்ணனுடைய அந்த அமைதியான உருவத்தின் மேல் அந்தக் கத்தல் ஒட்டவே இல்லை.

சில நாள் கழித்துக் கொழுந்தன் ஒரு கல்யாண வேலைக்காக வெளியூர் போகப் பேருந்து நிலையத்துக்குப் போனான். ஒலிபெருக்கியில் அண்ணியின் குரல் வந்தது. பத்து வருஷமாக அதே வீட்டில் அந்தக் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தவன்தான். அன்று நின்று கேட்டான். கேட்டுக்கொண்டே பேருந்தை விட்டுவிட்டான். நேராக மாடிப்படிக்கு அடியில் இருந்த அறைக்கு வந்து கதவைத் தட்டினான்.

"எனக்குக் கத்த வராது தம்பி," என்றாள் மைக்கம்மா, விஷயத்தைக் கேட்டதும்.

"கத்த வேண்டாம் அண்ணி. பஸ் சொல்ற மாதிரி சொல்லுங்க. அது போதும்."

வெளிச்சத்தம் வராமல் இருக்க, படுக்கையறை அலமாரியைக் காலி செய்து அவளை உள்ளே உட்காரவைத்தார்கள். மேலே ஒரு கம்பளியைப் போர்த்தினான் கொழுந்தன். வியர்வை ஆறாக ஓடியது. வசனக் காகிதத்தை டார்ச் வெளிச்சத்தில் படித்துப் பார்த்தாள்.

"இந்த 'டா' வேணாமே."

"பேய் அண்ணி. பேய்க்கு என்ன மரியாதை?"

"பேய்க்கு வேண்டாம்னா இருக்கட்டும். எனக்கு மைக்கைப் பாத்தா 'டா' வராது. 'நீ'யும் வராது." உண்மைதான். இத்தனை வருஷத்தில் ஒரு பிக்பாக்கெட் பிடிபட்டபோதுகூட, "பயணிகளின் பணப்பையைத் திருடியவர் உடனடியாக அலுவலகத்துக்கு வரவும்" என்றுதான் அறிவித்திருக்கிறாள்.

கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு மைக்கைத் தட்டிப் பார்த்துவிட்டு, அவளுக்குத் தெரிந்த ஒரே முறையில் சொன்னாள்:

"இடது பக்க அறையில் தங்கியிருப்பவர் புறப்படத் தயாராக இருக்கவும். தங்களை அழைத்துச் செல்ல வந்திருக்கிறேன். காத்திருந்ததற்கு நன்றி."

கம்பளிக்கு வெளியே யாரும் எதுவும் சொல்லவில்லை. நன்றாக இல்லை போலிருக்கிறது என்று நினைத்து அவள் தலையை வெளியே நீட்டினாள். செல்போன் கடைக்காரர் கையில் முடி சிலிர்த்திருந்ததைத் தடவிக்கொண்டிருந்தார். அண்ணன் மட்டும் சாதாரணமாக நின்றார். வீட்டில் அவள் சாப்பிடக் கூப்பிடுவதும் ஏறக்குறைய அதே குரலில்தான்.

பெயர் போடும் இடத்தில் ஒரு சிக்கல் வந்தது. பேயாக நடித்தவர் பெயரைப் போடக்கூடாது. அண்ணன் பெயர் இல்லாமல் தன் பெயரை மட்டும் போடுவதற்கு மைக்கம்மாவும் ஒப்பவில்லை. யோசித்து யோசித்துக் கொழுந்தன் இப்படிப் போட்டான்: 'பேய் – குடும்பத்தார்.'

ஊருக்குள் இருந்ததிலேயே பழைய தியேட்டர் ஒன்றில் மதியக் காட்சி மட்டும் ஒரு வாரத்துக்குக் கிடைத்தது. முதல் நாள் வந்ததில் பாதிப் பேர் தெரிந்தவர்கள். மீதிப் பேர் வெயிலுக்கு ஒதுங்கியவர்கள். மைக்கம்மா நடுவரிசையில் உட்கார்ந்தாள். கணவர் தொப்பி போட்டுக்கொண்டு கடைசி வரிசை மூலையில் தனியாக உட்கார்ந்தார். யாரோ தெரியாதவர் மாதிரி.

முதல் அரைமணி நேரம் கொழுந்தனுக்கு நரகம். ஹீரோ பயப்படும்போதெல்லாம் ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ரத்தத்தில் எறும்பு ஊர்வதை ஒருவர் கண்டுபிடித்துச் சத்தமாகச் சொன்னார். அரங்கமே சிரித்தது. பிறகு பேய் வந்தது. வெள்ளை உருவம் சுவரோரம் தலை தொங்கியபடி நடந்தது. சிரிப்பு கொஞ்சம் குறைந்தது. அந்த உருவம் நின்றது. குரல் வந்தது.

"இடது பக்க அறையில் தங்கியிருப்பவர் புறப்படத் தயாராக இருக்கவும்."

முன்வரிசையில் மடியில் பையோடு உட்கார்ந்திருந்த பருமனான ஒருவர் சட்டென்று எழுந்து பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். பழக்க தோஷம். "உக்காருங்கய்யா, பஸ் இன்னும் வரல!" என்று யாரோ கத்த, அரங்கம் அதிர்ந்தது. மைக்கம்மா புடவைத் தலைப்பா கைக்குட்டையா என்று பார்க்காமல் கைக்குக் கிடைத்ததை வைத்து முகத்தை மூடிக்கொண்டாள். படம் அவ்வளவுதான் என்று நினைத்தாள்.

ஆனால் அடுத்த முறை அந்தக் குரல் வந்தபோது யாரும் சிரிக்கவில்லை. அதற்கடுத்த முறை, குரல் வருவதற்கு முன்பே அரங்கம் அடங்கியிருந்தது. எழுந்து நின்று கேலிக்கு ஆளான அந்த மனிதர் பையை இறுக்கிப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். கடைசிக் காட்சியில் ஹீரோ கதவைத் திறந்து, பெட்டியோடு தானாகவே வெளியே வந்து, உருவத்தின் பின்னால் நடக்கிறான். "காத்திருந்ததற்கு நன்றி" என்கிறது குரல். விளக்கு எரிந்தது. கொஞ்ச நேரம் யாரும் எழவில்லை. வாசலில், "அந்தப் பொண்ணு யாருப்பா? நடையே வயித்தக் கலக்குது" என்று ஒருவர் இன்னொருவரிடம் சொல்லிக்கொண்டு போனார். பக்கத்தில் தொப்பியோடு நின்றவருக்குக் காது சிவந்துவிட்டது.

ஒரு பத்திரிகையில் சின்ன விமர்சனம் வந்தது. கதாநாயகன், விலை கேட்டுவிட்டு வாங்காமல் போகும் வாடிக்கையாளரைப் பார்ப்பது போலவே படம் முழுக்கப் பேயைப் பார்க்கிறார் என்று எழுதியிருந்தார்கள். செல்போன் கடைக்காரர் இரண்டு நாள் கடை திறக்கவில்லை. ஆனால் 'பேயாக வரும் பெயர் தெரியாத நடிகை'யைப் புகழ்ந்திருந்தார்கள். ஒடுங்கிய தோள்களும் எதையோ தேடும் பார்வையும் பல வருடப் பயிற்சி இல்லாமல் வராது என்றார்கள். நடைக்குப் பொருத்தமான, பதற்றமே இல்லாத அந்தக் குரல்தான் படத்தின் உயிர் என்றார்கள். இரண்டையும் ஒரே ஆள் செய்ததாகவே எழுதியிருந்தது. வீட்டில் இருவரும் மாறி மாறிப் படித்தார்கள். 

முதல் வாரம் தியேட்டர் காற்று வாங்கியது. அதற்குள் யாரோ பேய் பேசும் இடத்தை மட்டும் செல்போனில் பிடித்து அனுப்பிவிட, அது ஊர் முழுக்கச் சுற்றியது. தியேட்டர்காரர் இன்னொரு வாரம் கொடுத்தார். குரல் யாருடையது என்று கண்டுபிடிக்க ஜனங்களுக்கு ஒரு நாள் கூட ஆகவில்லை. இத்தனை வருஷம் காதில் விழுந்தும் விழாமலும் இருந்த குரலை இப்போது எல்லோரும் காது கொடுத்துக் கேட்டார்கள். அவள் "பயணிகள் கவனத்திற்கு" என்றாலே கல்லூரிப் பையன்கள் கூட்டம் ஊளையிட்டது. "புறப்படத் தயாராக" என்றால் ஒருவரையொருவர் கட்டிப்பிடித்து அலறினார்கள். ஒரு பெரியவர், அவள் அறிவித்த பேருந்தில் போகமாட்டேன், அடுத்த பேருந்தில் போய்க்கொள்கிறேன் என்று இறங்கிவிட்டார். அடுத்த பேருந்தையும் அவள்தான் அறிவித்தாள். பாவம், அவர் ஆட்டோ பிடித்துப் போனாராம். குழந்தை பயந்து அழுகிறது என்று சில பெண்கள் புகார் கொடுத்தார்கள்.

மேனேஜர் அவளைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார்.

"மேடம், தப்பா நினைச்சுக்காதீங்க. உங்க வேலைல நான் ஒரு குறையும் சொல்ல மாட்டேன்."

"சொல்லுங்க சார்."

"கொஞ்ச நாளைக்கு நீங்க மைக்ல பேச வேண்டாம். பதிவு பண்ணின குரல் ஒண்ணு வாங்கியிருக்கோம். நீங்க தவறவிட்ட பொருட்கள் அறைல உக்காருங்க."

"நான் புதுசா ஒண்ணும் பேசலையே சார். எப்பவும் பேசறதத்தானே பேசறேன்?"

"அதுதான் மேடம் பிரச்சினையே," என்றார் மேனேஜர் உண்மையான வருத்தத்தோடு.

தவறவிட்ட பொருட்கள் அறை நிலையத்தின் மறுகோடியில் இருந்தது. கம்பித் தடுப்புக்குப் பின்னால் குடைகள், ஒற்றைச் செருப்புகள், சாப்பாட்டு டப்பாக்கள், ஒரு ஜோடி பொய்ப்பல். வருகிற ஒவ்வொருவரும் தங்கள் குடைதான் உலகத்திலேயே தனித்துவமான கறுப்புக் குடை என்று வாதாடினார்கள். முகம் பார்த்துப் பேசும் வேலை அவளுக்குப் பிடிபடவில்லை. மைக்கில் சொன்னால் யாரும் எதிர்த்துப் பேச மாட்டார்கள். இங்கே எல்லோரும் பேசினார்கள். ஒலிபெருக்கியில் முன்பின் தெரியாத ஒரு பெண் தேன் ஒழுகப் பேருந்து எண்களைச் சொல்லும்போதெல்லாம் அவளுக்குத் தொண்டையில் ஏதோ ஒன்று அரித்தது. தண்ணீர் குடித்துப் பார்த்தாள். போகவில்லை.

வீட்டில் சொன்னபோது கணவர், "நான் அன்னைக்கே சொன்னேன்" என்றார்.

மைக்கம்மாவுக்குக் கோபம் மூக்குக்கு மேல் வந்தது. அதிசயமாகத்தான் வரும். "என்ன சொன்னீங்க? நைட்டியப் போட்டுக்கிட்டு வீடு பூரா நடந்தது யாரு? உங்க முகத்த முடியால மூடிட்டாங்க, ஆபீஸ்ல நிம்மதியா இருக்கீங்க. என் குரல எந்த முடியால மூடறது?"

அவர் எழுந்தார். கதவைத் திறந்துகொண்டு, சுவரோரமாக நடந்து வெளியே போய்விட்டார். இரண்டு மூன்று நாள் இரண்டு பேருக்கும் இடையில் கொழுந்தன்தான் தபால்காரன். "அண்ணி, அண்ணனுக்கு உப்பு வேணுமாம்." "அண்ணா, உப்பு உங்க கைக்கிட்டதான் இருக்காம்."

இரண்டாவது வாரக் கடைசியில் ஒரு நாள் கொழுந்தன் தியேட்டரிலிருந்து வந்து அவளிடம் தனியாகச் சொன்னான்:

"அண்ணி, உங்களுக்குத் தெரியுமா? அண்ணன் தினமும் மதியம் படத்துக்கு வர்றாரு. டிக்கெட் எடுத்துட்டு."

"யாரு, இவரா?"

"டிக்கெட் கிழிக்கறவர் சொல்றாரு. முதல் நாள்லேருந்து ஒரு காட்சி விடலையாம். பேய் வர்ற இடம் முடிஞ்சதும் எழுந்து போயிடறாராம்."

அன்று மாலை கணவர் ஜன்னல் கண்ணாடியில் ஒட்டியிருந்த கறுப்புக் காகிதத்தின் மிச்சத்தை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். மைக்கம்மா பக்கத்தில் போய் நின்றாள். என் குரலைக் கேட்கத்தான் போயிருப்பாரோ என்று அவளுக்குள் ஒரு சின்ன ஆசை இருந்தது. அதை வெளிக்காட்டாமல் கேட்டாள்.

"தினமும் படத்துக்குப் போறீங்களாமே?"

அவர் துடைப்பதை நிறுத்தவில்லை. "ம்."

"எதுக்கு?"

துணியைத் தண்ணீரில் முக்கியபடி கேட்டார்: "நான் இப்படித்தான் நடக்கறேனா?"

அவளுக்கு முதலில் புரியவில்லை.

"திரையில பாக்கறப்பதான் தெரியுது. யாரோ ஒரு கிழவன் நடக்கற மாதிரி இருக்கு. முதல் நாள் எனக்கே பயமாப் போச்சு. அப்புறம் சரியாப் பாத்துக்கணும்னு போனேன்." துணியைப் பிழிந்தார். "நீயாவது சொல்லியிருக்கலாம்ல?"

"தினமும் பாத்துட்டுத்தான் இருக்கேன்," என்றாள் அவள். "உங்க நடையே அதுதான்னு நினைச்சேன்."

ஏமாற்றம் இருந்தது. ஆனால் கோபம் எங்கோ போய்விட்டது. மறுநாளிலிருந்து அவர் நிமிர்ந்து நடக்க முயன்றார். தெருவில் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போனார். மூன்றாவது தெருவில் ஒரு வீட்டு வாசல் நிலையில் நெற்றியை இடித்துக்கொண்டார். ஒரு வீட்டு மீட்டரையே கவனிக்காமல் தாண்டிப் போய்விட்டார். அந்த வீட்டுக்காரர் மட்டும் மகிழ்ச்சியாக இருந்தார். மாதம் முடிவதற்குள் பழைய நடை திரும்பிவிட்டது. ஆனால் வீட்டுக்குள் வரும்போது வாசலிலேயே தொண்டையைச் செருமிக்கொண்டு வரத் தொடங்கினார்.

படம் தியேட்டரை விட்டுப் போனது. செல்போனில் வேறு ஏதோ ஒன்று சுற்ற ஆரம்பித்தது. பையன்கள் ஊளையிடுவதை மறந்தார்கள். ஆனால் மேனேஜருக்கு அவளைத் திரும்பக் கூப்பிட வேண்டும் என்று தோன்றவில்லை. தேன் ஒழுகும் குரலுக்குச் சம்பளம் கிடையாதே.

பிறகு ஒரு நாள் பெருமழையில் பிரதான சாலையில் மரம் விழுந்து பேருந்துகள் எல்லாம் வேறு வழியாகத் திருப்பிவிடப்பட்டன. எந்தப் பேருந்து எங்கே நிற்கிறது என்று யாருக்கும் தெரியவில்லை. பதிவு செய்த குரல், வராத பேருந்துகளை எல்லாம் வந்துவிட்டதாகச் சிரித்த குரலில் சொல்லிக்கொண்டிருந்தது. ஜனங்கள் நனைந்தபடி இங்கும் அங்கும் ஓடினார்கள். மேனேஜர் ஒரு குடையோடு தவறவிட்ட பொருட்கள் அறைக்கு வந்தார். தன் குடையும் அங்கேயே பறிபோகுமோ என்பது போல அதை இறுகப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"மேடம், கொஞ்சம் வர முடியுமா?"

மைக்கம்மா எழவில்லை. "வர்றேன் சார். ஆனா நாளைக்கு மழை விட்டதும் மறுபடி இங்க வந்து உக்காருன்னு சொல்லுவீங்கன்னா, நான் வரலை."

இப்படி அவள் பேசி மேனேஜர் கேட்டதில்லை. அவளும் கேட்டதில்லை. வெளியே ஒரு கூட்டம் யாரையோ திட்டும் சத்தம் கேட்டது.

"காலைல மைக், மதியத்துக்கு மேல இந்த அறை. இதுக்கு மேல என்னால முடியாது மேடம். ஆள் இல்ல."

"சரி சார்," என்றாள்.

மாடிப்படி அறையில் உட்கார்ந்து பொத்தானை அழுத்தினாள். உடனே பேசவில்லை. அலமாரிக்குள் கம்பளியைப் போர்த்திக்கொண்டு பேசியபோது, வார்த்தைக்கு முன்னால் கொஞ்சம் சும்மா இருந்தால் என்ன நடக்கிறது என்பதை அவள் கற்றிருந்தாள். கொஞ்சம் சும்மா இருந்தாள். வெளியே இரைச்சல் மெல்ல அடங்கியது. "பயணிகள் கவனத்திற்கு" என்றாள். யாரும் ஊளையிடவில்லை. எல்லோருக்கும் வீட்டுக்குப் போக வேண்டியிருந்தது. அதன் பிறகும் தினம் காலையில், முதல் அறிவிப்புக்கு முன்னால், அந்தச் சின்ன இடைவெளியை அவள் விடுவதுண்டு. வேறு யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை.

அடுத்த வருஷம் ஒரு நிறுவனம் படத்தை வாங்கி வேற்று மொழியில் பேசவைத்து வெளியிட்டது. மூன்று பேரும் கூடத்தில் கணினியைச் சுற்றி உட்கார்ந்து பார்த்தார்கள். கணவர் சுவரோரம் நடந்து வந்து நின்றார். அடுத்த நொடி யாரோ ஒரு பெண் காது கிழியக் கத்தினாள்.

"யார் வீட்டுக் குரலையோ கொண்டுவந்து என் மேல மாட்டியிருக்காங்க," என்றார் அவர். எழுந்து போய்விட்டார். மைக்கம்மா கடைசிவரை பார்த்தாள். அந்த மொழிக்காரர்களுக்குக் கத்தல்தான் பிடித்ததாம். படம் நன்றாகப் போய், கொழுந்தன் புதுக் கேமரா வாங்கினான்.

படம் ஓடியதைக் கேள்விப்பட்டு வெளியூர் இயக்குநர் ஒருவர் எங்கிருந்தோ வீட்டுப் போன் எண்ணைத் தேடிப் பிடித்துப் பேசினார். தமிழ்ப் படத்தைப் பார்த்தாராம்.

"அந்தப் பேயா நடிச்ச நடிகைகிட்ட பேசணும்."

"நான்தாங்க பேசறேன்," என்றாள் மைக்கம்மா. பிறகு மனசு கேட்காமல், "குரல் மட்டும்தாங்க நான். நடந்தது எங்க வீட்டுக்காரர்" என்றாள்.

"யாரு?"

"எங்க வீட்டுக்காரர். அவர் ஞாயித்துக்கிழமைன்னாதான் வருவாரு. முகமும் காட்ட மாட்டாரு. அது பரவாயில்லன்னா சொல்லுங்க."

 "அப்புறம் கூப்பிடறேன்மா," என்று வைத்துவிட்டார். ஒரு வாரம் அவள் போனைச் சமையலறை வரை எடுத்துப் போய் வைத்துக்கொண்டாள். பிறகு பழையபடி கூடத்திலேயே விட்டுவிட்டாள்.

கொழுந்தன் இரண்டாவது படத்தை ஆரம்பித்தான். பேய் இல்லை, திருட்டுக் கதை. அதில் ஒரு நீதிபதிக்கு அண்ணிதான் குரல் கொடுக்க வேண்டும் என்றான். அண்ணனிடம், திருடனுக்கு இவ்வளவு உயரம் ஆகாது, சுவர் ஏறினால் நம்ப மாட்டார்கள் என்று முதலிலேயே சொல்லிவிட்டான். "நான் கேட்டேனா?" என்றார் அண்ணன். அன்று அவர் வழக்கத்தைவிடக் குறைவாகச் சாப்பிட்டார். மைக்கம்மா அதைக் கவனித்தாள். தண்ணீர் டம்ளரை அவர் பக்கம் நகர்த்திவைத்துவிட்டு, காலை வேலைக்குத் துணி எடுத்து வைக்கப் போனாள்.